'ரேண்டம் ஹார்வெஸ்ட்' கிட்டி யார்? சூசன் பீட்டர்ஸ் பற்றி

கேள்வி, 4 ஜனவரி

'ரேண்டம் ஹார்வெஸ்ட்' (1942) படத்தை நேற்றுதான் பார்த்தேன். கிரீர் கார்சன், ரொனால்ட் கோல்மன் எல்லாம் சரி. ஆனால் படம் முடிந்த பிறகும் மனதில் நிற்பது அந்தக் கிட்டி. யார் அந்தப் பெண்? வேறு எதிலும் பார்த்த ஞாபகம் இல்லையே. தேடினால் "வேட்டைக்குப் போன இடத்தில் கணவர் தவறுதலாகச் சுட்டுவிட்டார், அதோடு எல்லாம் முடிந்தது" என்று ஒரு வரிதான் கிடைக்கிறது. உண்மையா?

4 ஜனவரி, இரவு 9:50

பெயர் சூசன் பீட்டர்ஸ். கணவர் சுடவில்லை, முதலில் அதைத் திருத்திவிடுகிறேன். இந்தத் தவறு பல இடங்களில் உலவுகிறது. 1945 ஜனவரி 1, புத்தாண்டு நாள். கலிஃபோர்னியாவில் சான் டியாகோ பக்கம் மலைப்பகுதியில் வேட்டைக்குப் போயிருந்தார்கள். கணவர் ரிச்சர்ட் க்வைன் கூட இருந்தார். ஆனால் வெடித்தது அவர் கையில் இருந்த துப்பாக்கி அல்ல. புதருக்கு அடியில் வைத்திருந்த துப்பாக்கியைச் சூசன் எடுக்கப்போகும்போது அது வெடித்தது. .22 தோட்டா, சின்னதுதான். போய்த் தைத்தது முதுகுத்தண்டில். இடுப்புக்குக் கீழே உணர்வு போயிற்று, பிறகு திரும்பவே இல்லை. அப்போது வயது 23.

கல்யாணமாகி ஒரு வருஷமும் இரண்டு மாதமும்தான் ஆகியிருந்தது. க்வைன் அப்போது நடிகர், பின்னால் இயக்குநராகப் பெயர் வாங்கியவர்.

மொத்தத்தில் 1942 முதல் 1945 வரை மூன்றே வருஷ நடிப்பு வாழ்க்கை. ஒரு ஆஸ்கர் பரிந்துரை. இதுதான் சுருக்கம்.

5 ஜனவரி, காலை 7:15

நேற்று இரவு சுருக்கமாக எழுதிவிட்டுப் படுத்தேன், தூக்கம் வரவில்லை. அந்தத் தேவாலயக் காட்சியைப் பற்றிச் சொல்லாமல் விட்டது தப்பு. நீங்கள் கேட்டதே கிட்டியைப் பற்றித்தானே.

கதை தெரிந்ததுதான். போரில் நினைவிழந்த சார்லஸ் ஒரு பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்கிறான். ஒரு விபத்தில் பழைய நினைவு திரும்புகிறது, நடுவில் வாழ்ந்த வாழ்க்கை மறந்துபோகிறது. குடும்ப வீட்டுக்குத் திரும்பும்போதுதான் கிட்டி வருகிறாள். பதினைந்து வயதுப் பள்ளிக்கூடப் பெண், அந்த நிமிஷமே அவன்மேல் பித்தாகிவிடுகிறாள். அங்கிள் என்று கூப்பிடுகிறாள், இரத்த சொந்தம் கிடையாது. கடிதம் எழுதலாமா என்று கேட்கிறாள். எழுதி எழுதியே வளர்கிறாள். வளர்ந்து அவனுக்கு நிச்சயமும் ஆகிறது.

கல்யாணத்துக்கு என்ன பாட்டு வாசிப்பது என்று தேர்ந்தெடுக்க இருவரும் தேவாலயத்துக்குப் போகிறார்கள். ஆர்கன் ஒலிக்கிறது. சார்லஸின் முகம் எங்கேயோ போய்விடுகிறது. கிட்டி திரும்பி அவனைப் பார்க்கிறாள். சந்தோஷமாகத்தான் திரும்புகிறாள். பார்த்துக்கொண்டே இருக்கும்போது அந்தச் சந்தோஷம் கொஞ்சம் கொஞ்சமாக வடிகிறது. தனக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறவன் வேறு யாரையோ தேடிக்கொண்டிருக்கிறான், அந்த ஆள் தான் இல்லை என்று அவளுக்குப் புரிகிறது. யாரும் சொல்லவில்லை, அவனுக்கே தெரியாது. அவளுக்குத் தெரிந்துவிடுகிறது. அழுகை இல்லை, உதடு துடிப்பது இல்லை. 21 வயதுப் பெண் செய்கிற காரியமா அது! கோல்மன் எத்தனை வருஷ அனுபவம் உள்ளவர், அந்த இடத்தில் நாம் பார்ப்பது அவரை அல்ல.

நான் முதல் தடவை பார்த்தது 2011இல், அக்கா ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்த வருஷம். ராத்திரி முழித்திருக்கிற வேலை என்னுடையது. அதைப் பற்றி இன்னொரு நாள்.

5 ஜனவரி, மதியம் 1:30

ஆஸ்கர் விவரம்: சிறந்த துணை நடிகை பரிந்துரை. 1943 மார்ச் 4, லாஸ் ஏஞ்சல்ஸ் அம்பாசிடர் ஹோட்டலில் விழா. கூடப் போட்டியிட்டவர்கள் கிளாடிஸ் கூப்பர், ஆக்னஸ் மூர்ஹெட், டேம் மே விட்டி, தெரசா ரைட். ரைட்டுக்குக் கிடைத்தது. அந்த வருஷம் ரைட் நாயகிப் பிரிவிலும் பரிந்துரையில் இருந்தார். அப்போதெல்லாம் துணை நடிகர்களுக்குச் சிலை கிடையாது, பட்டயம்தான் கொடுத்தார்கள்.

மே விட்டி பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். மறுபடி வருவார்.

7 ஜனவரி, இரவு 10:20

ஒரே படத்தில் எங்கிருந்தோ குதித்து வந்தவர் மாதிரி எழுதிவிட்டேன். அப்படி இல்லை.

நிஜப்பெயர் சுசான் கார்னஹன். 1921 ஜூலை 3, வாஷிங்டன் மாநிலம் ஸ்போகேனில் பிறப்பு. அப்பா சிவில் இன்ஜினியர், இவர் சிறுமியாக இருக்கும்போதே கார் விபத்தில் போய்விட்டார். பிறகு குடும்பம் லாஸ் ஏஞ்சல்ஸ் வந்தது. படித்தது ஹாலிவுட் ஹைஸ்கூல். அப்புறம் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நடிப்புப் பள்ளி. ரைன்ஹார்ட் ஜெர்மன் நாடக உலகின் பெரிய கை, நாஜிகளால் ஐரோப்பாவை விட்டு வந்தவர்.

1940இல் ஜார்ஜ் க்யூக்கர் படத்தில் கூட்டத்தோடு ஒரு ஆளாகத் தொடங்கி, வார்னர் பிரதர்ஸ் காண்ட்ராக்ட். அங்கே இவரை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று யாருக்கும் தெரிந்ததாகத் தெரியவில்லை. 'சாண்டா ஃபே டிரெயில்' படத்தில் சொந்தப் பெயரிலேயே ஒரு சின்ன வேஷம். 'மீட் ஜான் டோ'வில் ஆட்டோகிராஃப் கேட்கிற பெண், கண்ணிமைக்கும் நேரம். 'தி பிக் ஷாட்'டில் ஹம்ஃப்ரி போகார்ட்டோடு சற்றுப் பெரிய வேஷம். அவ்வளவுதான், காண்ட்ராக்டைப் புதுப்பிக்காமல் விட்டுவிட்டார்கள். எம்ஜிஎம் ஸ்டூடியோ பிடித்துக்கொண்டது. 'டிஷ்' என்ற படத்தில் நடிக்கும்போதுதான் க்வைனைச் சந்தித்தார். அதே வருஷம் இயக்குநர் மெர்வின் லெராய் 'ரேண்டம் ஹார்வெஸ்ட்'டில் கிட்டி வேஷத்தைக் கொடுத்தார்.

வார்னர் வேண்டாம் என்று விட்டதற்கும் ஆஸ்கர் பரிந்துரைக்கும் நடுவே ஒரு வருஷம்கூட இல்லை.

10 ஜனவரி, மாலை 6:05

இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. நம் 'அமரதீபம்' (1956) பார்த்திருப்பீர்கள். சிவாஜி, சாவித்திரி, பத்மினி. கதை ஸ்ரீதர், இயக்கம் டி. பிரகாஷ்ராவ். அதற்கு வித்து 'ரேண்டம் ஹார்வெஸ்ட்'தான். அசோக் நினைவிழக்கிறான், அருணாவை மறக்கிறான், நாட்டியக்காரி ரூபாவிடம் மனம் போகிறது. மறுபடி நினைவு வர, ரூபாவை மறந்துவிடுகிறான். இந்தியில் 'அமர்தீப்' என்று அதே பிரகாஷ்ராவ் எடுத்தார், தேவ் ஆனந்தை வைத்து.

எங்கள் அம்மாவுக்கு 'அமரதீபம்' என்றால் உயிர். அதனால்தான் ஆங்கிலப் படத்தைத் தேடிப் பார்த்தேன். பார்க்கும்போது ஒன்று புரிந்தது. ஸ்ரீதர் இரண்டாவது பெண்ணைப் பெரிதாக்கிவிட்டார். ஆங்கிலத்தில் கிட்டி படத்தின் நடுப்பகுதியில் வருகிறாள், போகிறாள், மொத்தம் சில காட்சிகள். தமிழில் அந்த இடத்தில் பத்மினி நிற்கிறார், ஆடுகிறார், கடைசிவரை கதையைத் தூக்கிப் போகிறார். மறக்கப்பட்டவளைவிடத் தானே விலகிப் போகிறவளுக்கு நம் ஆட்கள் அதிக இடம் கொடுத்தார்கள். எனக்கு அது பிடித்திருக்கிறது. கிட்டி விலகிப் போன பிறகு என்ன ஆனாள் என்று ஆங்கிலப் படம் அதிகம் கவலைப்படவில்லை, எனக்கோ அந்தக் கவலை இருந்தது.

10 ஜனவரி, இரவு 11:00

மேலே எழுதியதைப் படித்துப் பார்த்தேன். ரூபாதான் கிட்டி என்று நேர்க்கோடு போட்டுவிட்டேன், அது சரியில்லை. கிட்டியை அவன் மறக்கவில்லை, அவள்தான் புரிந்துகொண்டு விலகுகிறாள். ரூபாவை அசோக் மறக்கிறான். மறக்கப்படுகிற துக்கத்தை ஸ்ரீதர் இரண்டு பெண்களுக்கும் பங்கு போட்டுக் கொடுத்திருக்கிறார் என்று சொன்னால் பொருந்தும்.

14 ஜனவரி, போகி

வீட்டில் வெள்ளையடிப்பு. சுருக்கமாக எழுதுகிறேன்.

ஆஸ்கருக்குப் பிறகு எம்ஜிஎம் இவரை நாயகியாக்க முயன்றது உண்மை. 1943இல் 'அசைன்மென்ட் இன் பிரிட்டனி', 'யங் ஐடியாஸ்'. 1944இல் 'சாங் ஆஃப் ரஷ்யா', ராபர்ட் டெய்லருக்கு ஜோடி. அமெரிக்க இசை நடத்துநர் ரஷ்யா போகிறான், கிராமத்திலிருந்து வந்த பியானோ வாசிக்கும் பெண் நாத்யாவைக் காதலிக்கிறான், ஜெர்மன் படை வருகிறது. அமெரிக்காவும் ரஷ்யாவும் ஒரே அணியில் இருந்த காலத்துப் படம்.

மூன்றே வருஷத்தில் காற்று திசை மாறியது. 1947 அக்டோபரில் வாஷிங்டனில் நாடாளுமன்றக் குழு ஹாலிவுட்டில் கம்யூனிஸ்டுகளைத் தேடியபோது இந்தப் படம் சாட்சிப் பொருளாகிவிட்டது. டெய்லரே போய், நடிக்க விருப்பமில்லை என்று ஆட்சேபித்ததாகச் சாட்சி சொன்னார். ரஷ்யாவில் பிறந்த எழுத்தாளர் அய்ன் ராண்ட் போய், படத்தில் ரஷ்யர்கள் எல்லாரும் சிரித்துக்கொண்டே இருக்கிறார்கள், அது பொய் என்றார். இன்றைக்கும் இந்தப் படத்தைப் பற்றி எங்கே படித்தாலும் இந்த விசாரணைதான் வரும். நாத்யாவாக நடித்தவள் எப்படி நடித்தாள் என்று ஒரு பத்தி காணோம்.

நன்றாக நடித்திருக்கிறார். கதை வலுவில்லாதது, அரசியல் அப்பட்டமானது. ஆனாலும் இவர் வருகிற இடங்களில் ஒரு மனுஷி இருக்கிறாள்.

15 ஜனவரி, பொங்கல், இரவு

எல்லாருக்கும் பொங்கல் வாழ்த்து.

யாராவது கேட்கும் முன் நானே சொல்கிறேன். 'கீப் யுவர் பவுடர் டிரை' 1945 என்று பட்டியலில் இருக்கும், அப்படியென்றால் விபத்துக்குப் பிறகும் நடந்தாரா என்று குழம்ப வேண்டாம். லானா டர்னர், லரேன் டே, சூசன் மூன்று பேரும் பெண்கள் ராணுவப் பிரிவில் சேர்கிற கதை. படப்பிடிப்பு 1944இலேயே முடிந்துவிட்டது. படம் தியேட்டருக்கு வந்தபோது சூசனுக்கு அடிபட்டுச் சில வாரங்கள்தான் ஆகியிருந்தன. சீருடையில் அணிவகுத்து நடக்கிற பெண்ணாக ஊரே திரையில் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில் அவர் கட்டிலில். இதை நினைத்தால் எனக்கு மேலே எழுத ஓடவில்லை.

20 ஜனவரி, இரவு 9:30

விபத்துக்குப் பிறகு.

எம்ஜிஎம் சம்பளம் கொடுத்துக்கொண்டிருந்தது, வாரம் 100 டாலர். கதைகளும் வந்தன. எல்லாம் ஒரே மாதிரி: நடக்க முடியாத பெண், பொறுமையின் சிகரம், எல்லாருக்கும் ஆறுதல் சொல்லிப் புன்னகைப்பவள். வேண்டாம் என்றார், காண்ட்ராக்டிலிருந்தும் விலகினார். 1946இல் க்வைனும் அவரும் ஒரு ஆண்குழந்தையைத் தத்தெடுத்தார்கள். 1948இல் விவாகரத்து.

1948இல் வந்தது 'தி சைன் ஆஃப் தி ராம்'. கொலம்பியா தயாரிப்பு, இயக்கம் ஜான் ஸ்டர்ஜஸ். இங்கிலாந்தின் கார்ன்வால் கடலோரத்தில் ஒரு பெரிய வீடு. லியா என்ற இரண்டாவது மனைவி. மூத்தாளின் பிள்ளைகளைக் கடலிலிருந்து காப்பாற்றப் போய்க் கால்கள் செயலிழந்தவள், கவிதை எழுதுகிறவள், ஊரே கும்பிடுகிற தியாகி. அந்தத் தியாகத்தையே கயிறாக்கி வீட்டில் எல்லாரையும் கட்டி வைத்திருக்கிறாள். பிள்ளைகளின் காதலைக் குலைக்கிறாள். புதிதாக வந்த செகரட்டரிமேல் சந்தேகப்படுகிறாள். கடைசி மகளின் பைத்தியக்காரப் பாசத்தைத் தூண்டிவிட்டு, விஷம் வரை கொண்டுபோகிறாள். முடிவில் வீல்சேரைத் தானே ஓட்டிக்கொண்டு செங்குத்துப் பாறையிலிருந்து கடலுக்குள் போய்விடுகிறாள்.

மே விட்டி இதிலும் உண்டு, வம்பு தேடி அலைகிற பக்கத்து வீட்டுக்காரியாக.

என் அபிப்பிராயம்: படம் சுமார். எனக்குப் பிடிக்கவில்லை. அடிபட்டு மூன்று வருஷம் கழித்துத் திரும்பி வருகிற பெண்ணுக்கு இப்படி ஒரு நச்சுப் பாத்திரமா கொடுப்பார்கள்? அதுவும் அந்த முடிவு. பார்த்து முடித்ததும் கோபம்தான் வந்தது. கிட்டியோடு இவரை நினைவில் வைத்துக்கொள்வதே மரியாதை என்று நினைக்கிறேன்.

2 பிப்ரவரி, இரவு 11:40

20ஆம் தேதி எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன். ஏன் என்று சொல்ல அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

என் அக்காவுக்கு 2010 டிசம்பரில் ஸ்கூட்டர் விபத்து. பன்னிரண்டாவது முதுகெலும்பு. அன்றிலிருந்து வீல்சேர். முதலில் சேர்த்த ஆஸ்பத்திரியில் இரண்டு மணிக்கு ஒருதரம் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும் என்று எங்களிடம் யாரும் சொல்லவில்லை. மூன்று வாரத்தில் இடுப்புக்குக் கீழே உள்ளங்கை அகலத்துக்குப் படுக்கைப்புண். அது ஆற ஒன்பது மாதம் ஆயிற்று. ராத்திரி அலாரம் வைத்து இரண்டு மணிக்கு ஒருதரம் அவளைப் புரட்டுவேன், நடுவில் தூக்கம் வராமல் பழைய படங்கள் பார்ப்பேன். கிட்டியைப் பார்த்தது அப்படித்தான்.

சூசன் பற்றி அக்காவிடம் இத்தனை வருஷம் நான் சொன்னதில்லை. சொல்லத் துணிவில்லை. போன வாரம் நான் எழுதுவதைப் பின்னாலிருந்து பார்த்துவிட்டு, "யாருடா அது?" என்றாள். சொன்னேன். "அந்தப் படத்தைப் போடு" என்றாள். கிட்டியைத் தேட ஆரம்பித்தேன். "அது இல்ல, வீல்சேர்ல இருக்கற படம்."

நேற்று சேர்ந்து பார்த்தோம். முதல் பத்து நிமிஷம் அவள் எதுவும் பேசவில்லை. அப்புறம் நிறுத்தச் சொன்னாள்.

"இவ உக்காந்திருக்கறதப் பாரு. நம்ம படத்துல யாராவது வீல்சேர்ல நடிச்சா பேசும்போது இடுப்பு அசையும், அவங்களுக்கே தெரியாது. தொடைல உயிர் இருக்கும். இவளுக்கு இல்ல. மேல் உடம்பு மட்டும்தான் பேசுது."

நான் இந்தப் படத்தை ஏற்கெனவே இரண்டு தடவை பார்த்தவன், அது என் கண்ணில் படவில்லை. பிறகு பார்த்தால் வேறு ஒன்றையும் பார்க்க முடியவில்லை. முழுப் பாத்திரத்தையும் கழுத்து, தோள், கண், குரல் இவ்வளவை வைத்துக்கொண்டு செய்திருக்கிறார். அறைக்குள் யார் நிற்கிறார்கள், யார் உட்காருகிறார்கள், யார் கதவருகே தயங்குகிறார்கள் எல்லாம் லியாவின் ஒரு பார்வையில் நடக்கிறது. எழுந்து போய் ஒருவரைத் தடுக்க முடியாதவள் பேச்சாலேயே கதவைச் சாத்துகிறாள். எல்லாரும் அவளைவிட உயரத்தில் நின்று குனிந்து பேச வேண்டியிருக்கிறது, அந்தக் குனிவையே அவள் பயன்படுத்திக்கொள்கிறாள்.

படம் முடிந்ததும் நான் கேட்டேன், "இப்படிக் கெட்டவளாக் காட்டிட்டாங்களே, உனக்குக் கோபம் வரலையா?"

"எதுக்குடா கோபம்? பதிமூணு வருஷமா எல்லாரும் என்னை நல்லவன்னுதான் சொல்றாங்க. ஒருத்தரும் எனக்குப் பொறாமை வரும், கோள் சொல்லத் தோணும்னு நெனச்சதே இல்ல. ஆத்திரம் வந்தா தட்டைத் தூக்கி எறியக்கூட எனக்குக் கூச்சமா இருக்கும், எவ்வளவு செய்யறாங்க நமக்குன்னு. இவ எறியறா."

இதை அப்படியே எழுதலாமா என்று அவளிடம் கேட்டேன். எழுது என்றாள்.

3 பிப்ரவரி, காலை 6:30

ஒன்று விட்டுப்போயிற்று. முடிவு பற்றி அக்காவும் நானும் ஒரே கட்சி. பாறையிலிருந்து விழுவது பிடிக்கவில்லை. "அவளை என்ன செய்யறதுன்னு தெரியல, கடல்ல தள்ளிட்டாங்க" என்றாள். உண்மை. அந்தக் காலத்து ஹாலிவுட் தணிக்கை விதியின்படி தப்பு செய்தவர் தண்டனை இல்லாமல் தப்பக்கூடாது, அது ஒரு காரணம். ஆனால் வீல்சேரில் இருக்கிற பாத்திரம் கடைசியில் சாக வேண்டும் அல்லது எழுந்து நடக்க வேண்டும் என்ற பழக்கம் எந்தத் தணிக்கை விதியிலும் எழுதப்படாதது. அது இன்னும் போகவில்லை.

சூசன் வேண்டாம் என்று தள்ளிய கதைகளையும் கையில் எடுத்த கதையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். புன்னகைக்கிற தியாகிகள் வேண்டாம் என்றார். தியாகி வேஷத்தைக் கிழிக்கிற கதையை எடுத்தார். கொடுத்தார்கள் என்று 20ஆம் தேதி எழுதியிருந்தேன். இல்லை, சரி என்று ஒப்புக்கொண்டு நடித்தது அவர்.

3 பிப்ரவரி, இரவு

படம் பெரிதாக ஓடவில்லை. அதன் பிறகு வேறு சினிமா வரவில்லை. இதையும் சேர்த்துச் சொல்லிவிட வேண்டும்.

11 பிப்ரவரி, மாலை 4:00

இறப்பு பற்றி. எழுதத் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தேன்.

1952 அக்டோபர் 23, கலிஃபோர்னியா விசேலியாவில். வயது 31. கடைசிக் காலத்தில் அந்தப் பக்கம் சகோதரரின் பண்ணையில் இருந்தார். நாள்பட்ட சிறுநீரகத் தொற்று, அதோடு நுரையீரல் அழற்சி. சாப்பிடுவதையும் குடிப்பதையும் ஏறக்குறைய விட்டிருந்தார். வாழும் விருப்பத்தை இழந்துவிட்டார் என்று அவருடைய மருத்துவர் சொன்னதாகப் பத்திரிகைகளில் வந்தது. எழுபது வருஷமாக அதைத்தான் எல்லாரும் திரும்பத் திரும்ப எழுதுகிறார்கள். பட்டினி கிடந்து செத்த அழகி, மனமுடைந்த நட்சத்திரம் என்று.

மனச்சோர்வு இருந்தது, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் முதுகுத்தண்டு அடிபட்ட வீட்டில் இருக்கிறவனாக ஒன்று சொல்ல வேண்டும். சிறுநீரகத் தொற்று என்பதைத் தலைப்பில் போடுங்கள். மூத்திரப்பை தானாகக் காலியாகாது. தேங்கினால் கிருமி, கிருமி மேலே ஏறினால் சிறுநீரகம். 2014இல் அக்காவுக்கு அது வந்தது. ஜுரம், குளிர் நடுக்கம், சாப்பாட்டைக் கண்டாலே குமட்டல். நான்கு நாள் ஒரு வாய்க் கஞ்சி இறங்கவில்லை. "போதும்டா, விட்டுடுங்க" என்றாள். வாழும் விருப்பம் போய்விட்டது என்று யாராவது எழுதியிருந்தால் அன்றைக்கு அது சரியாகத்தான் இருந்திருக்கும். ஆன்டிபயாட்டிக் பத்து நாள் போட்டதும் எழுந்து உட்கார்ந்து, காபியில் சர்க்கரை கம்மி என்று அம்மாவோடு சண்டை போட்டாள்.

அந்தக் காலத்தை யோசியுங்கள். முதல் உலகப் போரில் முதுகுத்தண்டு அடிபட்ட வீரர்களில் பெரும்பாலோர் படுக்கைப்புண்ணாலும் மூத்திரத் தொற்றாலும் சீக்கிரமே இறந்துபோனார்கள். லுட்விக் குட்மன் என்ற மருத்துவர் இங்கிலாந்தில் ஸ்டோக் மாண்டெவில் மருத்துவமனையில் இதற்கென்றே தனிப் பிரிவு தொடங்கியது 1944 பிப்ரவரியில்தான். இரண்டு மணிக்கு ஒருதரம் புரட்டுவது, மூத்திரத்தைச் சுத்தமாக வெளியேற்றுவது, சீக்கிரம் உட்கார வைத்து வேலை கொடுப்பது, இவையெல்லாம் அவர் பிடிவாதமாக நடைமுறைக்குக் கொண்டுவந்தவை. சூசனுக்கு அடிபட்டது அதற்குப் பதினொரு மாதம் கழித்து, உலகத்தின் மறுபக்கத்தில். ஏழு வருஷமும் பத்து மாதமும் வாழ்ந்தார். அதற்குள் ஒரு படம், நாடகங்கள், ஒரு தொலைக்காட்சித் தொடர். மனமுடைந்தவர் என்று ஒற்றை வரியில் எப்படி முடிப்பது?

11 பிப்ரவரி, இரவு 10:15

மறுபடி யோசித்தேன். மேலே நான் மருத்துவத்தின் பக்கம் அதிகமாகச் சாய்ந்துவிட்டேனோ என்று தோன்றுகிறது. விவாகரத்து, வருமானம், வேலை கிடைக்காமை, இவையும் ஆளைத் தின்னும். உடம்பு வேறு, மனசு வேறு என்று அக்கா வீட்டில் நாங்கள் பிரித்துப் பார்த்ததே இல்லை, இவர் விஷயத்தில் ஏன் பிரிக்க வேண்டும்? ஆனால் தொற்று என்ற வார்த்தை ஒவ்வொரு தடவையும் அந்த வாக்கியத்தில் இருக்க வேண்டும். அதை மட்டும் விடமாட்டேன்.

19 பிப்ரவரி, இரவு 9:00

முதல் நாள் எழுதிய "மூன்றே வருஷ நடிப்பு வாழ்க்கை" என்ற வரியை இப்போது முறையாகத் திருத்துகிறேன். 1940 முதல் 1951 வரை என்று இருக்க வேண்டும்.

1949இல் 'தி கிளாஸ் மெனாஜரி' நாடகத்தில் லாராவாக ஊர் ஊராகப் போனார். லாரா காலைச் சாய்த்து நடக்கிற கூச்ச சுபாவி, இவருக்காக வீல்சேரில் உட்கார்ந்த லாரா ஆனாள். பிறகு 'தி பாரட்ஸ் ஆஃப் விம்போல் ஸ்ட்ரீட்'டில் கவிஞர் எலிசபெத் பாரட், சோபாவில் கிடக்கிற நோயாளி. 1940களின் அமெரிக்க நாடக அரங்குகள், ஹோட்டல்கள், ரயில்கள். ஒரு படிக்கட்டுக்கும் சரிவுப் பாதை கிடையாது. எங்கள் ஊரில் ஒரு பாங்குக்கு அக்காவைக் கூட்டிப்போக இன்றைக்கும் இரண்டு ஆள் தூக்க வேண்டியிருக்கிறது. இவர் அன்றைக்கு ஊர் ஊராக நாடகம் போட்டிருக்கிறார்!

1951இல் 'மிஸ் சூசன்', என்பிசி தொலைக்காட்சி. பிலடெல்பியாவிலிருந்து நேரலை. மார்ச்சில் தொடங்கி டிசம்பர் வரை, வார நாட்களில் பகல் நேரத்தில், தினம் பதினைந்து நிமிஷம். சொந்த ஊருக்குத் திரும்பி வந்து தொழில் நடத்துகிற வக்கீல், வீல்சேரில் இருப்பவள். கதாநாயகி அவள்தான். நேரலை என்றால் ரீடேக் கிடையாது, தப்பினால் தப்பினதுதான். தினமும் புது வசனம் பாடம் செய்ய வேண்டும். நாள் முழுக்க உட்கார்ந்தே இருப்பது முதுகுத்தண்டு அடிபட்டவருக்கு என்ன செய்யும் என்று தெரிந்தவர்களுக்கு இந்தப் பத்து மாதம் எவ்வளவு பெரிய உழைப்பு என்று புரியும். 

வக்கீல் என்று சொன்னதும் அக்கா நிமிர்ந்தாள். அவள் விபத்துக்கு முன்னால் பி.எல். இரண்டாம் வருஷம். பிறகு வீட்டிலிருந்தபடியே வேறு படித்தாள். கோர்ட் மாடியில் இருந்தது.

19 பிப்ரவரி, இரவு 11:20

ஹாலிவுட் நடைபாதையில் இவருக்கு ஒரு நட்சத்திரம் உண்டு, வைன் தெருவில். போனவர்கள் யாராவது பார்த்தால் ஒரு நிமிஷம் நின்று வாருங்கள்.

2 மார்ச், மதியம் 12:10

"அடுத்து எதைப் பார்க்கட்டும்?" என்று கேட்டிருந்தீர்கள். பதில் தாமதமாகிவிட்டது, மன்னிக்கவும், அக்காவுக்குச் சின்ன ஜுரம், இப்போது தேவலை.

முதலில் 'தி சைன் ஆஃப் தி ராம்'. கிட்டியைப் பார்த்த சூட்டோடு பார்த்துவிடுங்கள். நான் செய்த மாதிரி விபத்தை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால் அவர் படும் கஷ்டம் மட்டும்தான் தெரியும். லியா யாரை எங்கே உட்கார வைக்கிறாள் என்று பாருங்கள். அப்புறம் 'சாங் ஆஃப் ரஷ்யா', பொறுமை இருந்தால். 'யங் ஐடியாஸ்' விட்டாலும் பாதகமில்லை.

நேற்று அக்கா கிட்டியையும் பார்த்துவிட்டாள். தேவாலயக் காட்சியில் மறுபடி நிறுத்தச் சொன்னாள். நான் அவளுடைய அபிப்பிராயத்துக்காகக் காத்திருந்தேன். "திருப்பிப் போடு" என்றாள். போட்டேன். நான்கு தடவை.